மூச்சு வாங்கும் தந்தையர்: பீட் போஸ்டில்த்வெய்ட்

சிறைக்குள் ஒரு தந்தையும் மகனும் ஒரே அறையில் அடைபட்டிருக்கிறார்கள். தந்தைக்கு நுரையீரல் கெட்டுப்போயிருக்கிறது. தான் இனி அதிக நாள் இருக்கப்போவதில்லை என்பதை அவர் மகனிடம் சொல்லிவிடுகிறார். சாவைவிடத் தன் மனைவியைத் தனியே விட்டுப் போவதுதான் தனக்கு அச்சமாக இருக்கிறது என்றும் சொல்கிறார். அதுவரை தந்தையிடம் எரிந்துவிழுந்தே பழகிய மகன், சிறுவயதில் அவருடைய கையைப் பிடித்துக்கொண்டு நடந்ததையும் அந்த உள்ளங்கையில் வீசிய புகையிலை மணத்தையும் நினைவுகூர்கிறான். 1993இல் வெளிவந்த 'இன் தி நேம் ஆஃப் தி ஃபாதர்' படத்தில் வரும் காட்சி இது. மகனாக நடித்தவர் டேனியல் டே-லூயிஸ். தந்தை ஜூசெப்பி கான்லனாக நடித்தவர் பீட் போஸ்டில்த்வெய்ட். மகன் பேசப் பேச நம் கண் தந்தையின் முகத்தை விட்டு நகர மறுக்கிறது. பேசுகிறவனுடைய வலியின் ஆழத்தைக் கேட்கிறவருடைய முகத்தில்தான் நாம் அளந்துகொள்கிறோம்.

நம் மொழியில் இத்தகைய நடிகர்களுக்கு இரண்டு சொற்கள் உண்டு. 'துணை நடிகர்' என்பது திரைத்துறையில் பெரும்பாலும் கூட்டத்தில் நிற்பவரையும் ஒரு வரி வசனம் பேசிவிட்டுப் போகிறவரையும் குறிக்கும். 'குணச்சித்திர நடிகர்' என்ற சொல்லோ ஒரு குணத்தைச் சித்திரமாகத் தீட்டிக் காட்டுகிறவர் என்ற பொருளை மரியாதையோடு தாங்கி நிற்கிறது. ஆங்கிலேயர்களின் திரைப்படங்களிலும் தொலைக்காட்சித் தொடர்களிலும் இவ்வகை நடிகர்களுக்குக் குறைவே இல்லை; நாடகமேடையில் இருபது ஆண்டுகள் உழைத்துப் பக்குவப்பட்ட பிறகு திரைக்கு வந்து, பத்து நிமிடக் காட்சியில் ஒரு வாழ்க்கையைச் சொல்லிவிட்டுப் போகிறவர்கள் அவர்கள். அவர்களில் என் மனத்துக்கு மிக நெருக்கமானவர் போஸ்டில்த்வெய்ட். அதற்கான காரணம் ஓரளவு என் சொந்த வாழ்க்கையைச் சார்ந்தது என்பதால் அதையும் இந்தப் பதிவில் சொல்ல வேண்டியிருக்கிறது.

அவர் 1946 பிப்ரவரி 7ஆம் நாள், லிவர்பூலுக்கும் மான்செஸ்டருக்கும் இடையில் உள்ள வாரிங்டன் என்னும் தொழில்நகரத்தில், உழைக்கும் கத்தோலிக்கக் குடும்பம் ஒன்றில் நான்கு பிள்ளைகளில் கடைசியாகப் பிறந்தார். இளமையில் பாதிரியாராக வேண்டும் என்ற எண்ணம் அவருக்கு இருந்தது. அது கைகூடாமல் ஆசிரியப் பயிற்சி பெற்று, மான்செஸ்டரில் ஒரு கன்னியாஸ்திரீகள் பள்ளியில் நாடகம் கற்பித்தார். பிறகு இருபத்து நான்காம் வயதில் அந்த வேலையையும் விட்டுவிட்டு பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியில் மாணவராகச் சேர்ந்தார். பின்னாளில் அவர் நடித்த பாத்திரங்களைப் பார்க்கும்போது, பாவமன்னிப்புக் கேட்க வருகிறவனின் பேச்சைப் பொறுமையாகக் கேட்கும் ஒரு பாதிரியாரின் இயல்பும், வகுப்பில் கடைசி வரிசை மாணவனுக்கும் எட்டும்படி பேசும் ஓர் ஆசிரியரின் குரலும் அவரிடம் கடைசிவரை தங்கியிருந்தன என்றே எனக்குத் தோன்றுகிறது.

எழுபதுகளில் அவர் சேர்ந்த இடம் லிவர்பூல் ஹோப் தெருவில் இருந்த எவ்ரிமேன் நாடக அரங்கு. ஜூலி வால்டர்ஸ், பில் நை, ஜோனதன் பிரைஸ், ஆன்டனி ஷெர் ஆகியோர் அன்று அங்கே இளைஞர்களாக நடித்துக்கொண்டிருந்தார்கள். ஆலன் பிளீஸ்டேல், வில்லி ரஸல் போன்ற உள்ளூர் எழுத்தாளர்கள் அந்த ஊரின் பேச்சையும் கோபத்தையும் மேடைக்குக் கொண்டுவந்தார்கள். அரங்கத்துக்கு வரத் தயங்குகிற மக்களைத் தேடி மதுக்கடைகளுக்கும் போய் நடித்த குழு அது. கையில் கோப்பையோடு பேசிக்கொண்டிருப்பவர்களைப் பேச்சை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்க்கவைக்கக் கற்றுக்கொண்ட ஒருவருக்குக் கேமராவின் முன் நிற்பது பெரிய சிரமமாக இருந்திருக்காது.

ஆயினும் திரை அவரை மெதுவாகத்தான் ஏற்றுக்கொண்டது. ரிட்லி ஸ்காட்டின் முதல் முழுநீளப் படமான 'தி டூயலிஸ்ட்ஸ்' 1977இல் வந்தபோது, அதில் ஒரு தளபதிக்கு முகச்சவரம் செய்கிறவராக அவர் வந்து போனார். அந்தக் காலத்தில் அவருடைய பெயரை மாற்றிக்கொள்ளும்படி பலர் அறிவுரை சொன்னார்கள். இத்தனை நீளப் பெயரை அரங்க வாசலில் மின்விளக்குகளால் எழுதினால் மின்கட்டணம் கட்டி மாளாது என்று நண்பர்கள் கேலியும் செய்தார்கள். அவர் மாற்றவில்லை. பெயரைப் போலவே முகத்தையும் அவர் எதற்காகவும் திருத்திக்கொள்ளவில்லை. துருத்திய கன்ன எலும்புகளும் அகன்ற மூக்கும் ஆழ்ந்த கண்குழிகளும் சேர்ந்த அந்த முகத்தில், பார்க்கிற கோணத்துக்கு ஏற்ப, அடியாளும் தெரிவான், துறவியும் தெரிவார். எண்பதுகளில் ராயல் ஷேக்ஸ்பியர் நாடகக் குழுவிலும் பிபிசியின் தொலைக்காட்சி நாடகங்களிலும் நடித்துக்கொண்டே, நாற்பது வயதைக் கடந்த பிறகுதான் அந்த முகத்துக்கு ஏற்ற முதல் பெரிய வேடம் அவருக்கு வாய்த்தது.

அந்தப் படம், டெரன்ஸ் டேவிஸ் இயக்கி 1988இல் வெளிவந்து, அதே ஆண்டு லொக்கார்னோ திரைப்பட விழாவில் தங்கச் சிறுத்தை விருது பெற்ற 'டிஸ்டன்ட் வாய்சஸ், ஸ்டில் லைவ்ஸ்'. நாற்பதுகளிலும் ஐம்பதுகளிலும் லிவர்பூலில் வாழ்ந்த ஓர் உழைக்கும் குடும்பத்தின் கதை அது. இயக்குநரின் சொந்தக் குடும்பக் கதையும் அதுவே. கதை வரிசையாக நகராமல் நினைவுகள் எழும் ஒழுங்கில் முன்னும் பின்னும் போய் வருகிறது. அதில் போஸ்டில்த்வெய்ட் ஏற்ற தந்தை மனைவியை அடிக்கிறார்; பிள்ளைகளை அடிக்கிறார். கிறிஸ்துமஸுக்கு முந்தைய இரவில் தூங்கும் குழந்தைகளின் கட்டிலருகே பரிசுகள் நிரம்பிய காலுறையைத் தொங்கவிட்டு, கடவுளின் ஆசியைச் சொல்லிவிட்டுப் போகிறவரும் அவரே. மறுநாள் சாப்பாட்டு மேசையின் விரிப்பைப் பிடித்து இழுத்து, அத்தனை தட்டுகளையும் தரையில் சிதறடிக்கிறவரும் அவரே. விமானத் தாக்குதலின்போது பதுங்கிடத்துக்குத் தாமதமாக ஓடிவரும் மகளை ஓங்கி அறைந்துவிட்டு, அடுத்த கணமே அவளைப் பாடச் சொல்கிறார். அந்தச் சிறுமி நடுங்கும் குரலில் பாடத் தொடங்க, பதுங்கியிருக்கும் எல்லாரும் சேர்ந்துகொள்கிறார்கள்.

இந்த மனிதரை ஏன் இப்படி ஆனார் என்று படம் விளக்குவதில்லை. விளக்கம் தரப்படாத பாத்திரத்தில் ஒரு நடிகர் தானாக ஏதேனும் ஒரு பரிதாபத்தைச் சேர்த்துவிட நினைப்பது இயல்பு. போஸ்டில்த்வெய்ட் அதைச் செய்யவில்லை. குதிரையைத் தேய்த்துவிட்டுக்கொண்டே தனக்குள் அவர் பாடிக்கொள்ளும் காட்சியில், பிள்ளைகள் மேலேயிருந்து ஓசையின்றி அவரைப் பார்த்துக்கொண்டிருக்கிறார்கள். அந்தப் பாடலில் உண்மையான இனிமை இருக்கிறது. ஆனால் அது யாருக்கும் கொடுக்கப்பட்ட இனிமை அன்று, அவர் அறியாமல் பிள்ளைகள் திருடிக்கொண்ட இனிமை. கொடுமைக்காரத் தந்தையைப் பற்றி எத்தனையோ படங்கள் வந்திருக்கின்றன. அவர் இறந்த பிறகும் வீட்டார் அனைவரும் அவருடைய புகைப்படத்தின் முன்னால்தான் வரிசையாக நிற்க வேண்டியிருக்கிறது என்பதை இத்தனை நேர்மையாகச் சொன்ன படம் வேறொன்றை நான் பார்த்ததில்லை. படத்தின் பெரும்பகுதியில் அவர் இல்லை. இருந்தும் ஒவ்வொரு அறையிலும் இருக்கிறார். குணச்சித்திர நடிப்பின் உச்சமாக நான் கருதுவது இதைத்தான்.

ஐந்து ஆண்டுகள் கழித்து அதே முகம் ஜூசெப்பி கான்லன் ஆனது. 1974 அக்டோபர் 5ஆம் நாள் இங்கிலாந்தின் கில்ட்ஃபோர்டு நகரத்து மதுக்கடைகளில் குண்டுகள் வெடித்தன. அதற்காகப் பிடிபட்டு, வாக்குமூலம் எழுதி வாங்கப்பட்டு, ஆயுள் தண்டனை விதிக்கப்பட்ட நால்வரில் ஒருவர், வட அயர்லாந்தின் பெல்ஃபாஸ்ட் நகரத்து இளைஞர் ஜெர்ரி கான்லன். மகனுக்கு உதவ லண்டனுக்கு வந்த தந்தையும் கைது செய்யப்பட்டார். வெடிபொருளைக் கையாண்டதாக 1976இல் உறவினர்களோடு சேர்த்துத் தண்டிக்கப்பட்ட அவர், 1980 ஜனவரியில், கைதியாகவே இறந்தார். 1989இல் நால்வரும் நிரபராதிகளாக விடுவிக்கப்பட்டார்கள். தந்தைமீதான தீர்ப்பு 1991இல், அவர் இறந்து பதினோராண்டுகளுக்குப் பிறகு ரத்தானது. உண்மையில் தந்தையும் மகனும் படத்தில் காட்டப்படுவதுபோல ஒரே அறையில் அடைக்கப்பட்டதே இல்லை. இயக்குநர் ஜிம் ஷெரிடன் அந்த மாற்றத்தைச் செய்ததற்காக வந்த விமர்சனங்களில் நியாயம் உண்டு. ஆனால் அந்த மாற்றம் இல்லையேல் இந்த இரண்டு நடிகர்களும் நான்கு சுவர்களுக்குள் எதிரெதிரே அமர்ந்திருக்க முடியாது என்பதும் உண்மை.

அந்தப் பாத்திரத்தில் எனக்குப் பெரிதாகப் படுவது மூச்சு. ஜூசெப்பி நோயாளி என்பதை இருமிக் காட்டிவிட்டு முடித்துக்கொண்டிருக்கலாம். போஸ்டில்த்வெய்ட் ஒவ்வொரு வாக்கியத்தையும் தன்னிடம் மிச்சமிருக்கும் காற்றை எண்ணிப் பார்த்துவிட்டுத்தான் தொடங்குகிறார். என் தந்தை கோயம்புத்தூரில் ஒரு பஞ்சாலையில், பஞ்சைப் பிரித்துச் சுத்தம் செய்யும் தூசு மண்டிய புளோரூமில் இருபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாக வேலை செய்தவர். கடைசிக் காலத்தில் இளைப்பு அவரை விடவே இல்லை. மாடிப்படி ஏறும்போது பாதியில் நின்று, மூச்சு முட்டுவதை மறைப்பதற்காகச் சுவரில் மாட்டியிருக்கும் நாட்காட்டியைப் படிப்பதுபோல் பாவனை செய்வார். நாங்களும் அதைக் கவனிக்காததுபோல் இருந்துவிடுவோம். மூச்சுக்குத் தவிக்கும் மனிதர்கள் எல்லாரும் தவிப்பைக் காட்டமாட்டார்கள், தங்களால் முடிந்தவரை மறைப்பார்கள் என்பதை அந்த வீட்டில் வளர்ந்தவன் என்ற முறையில் நான் அறிவேன். போஸ்டில்த்வெய்ட் அதை எங்கிருந்து அறிந்தார் என்பது எனக்குத் தெரியாது. ஆனால் திரையில் அவர் மறைப்பதைப் பார்த்தபோது என் தந்தை நாட்காட்டியின் முன் நின்ற காட்சி என் கண்ணில் வந்து நின்றது.

ஜூசெப்பி இறந்த செய்தி பரவும் இரவில், மற்ற கைதிகள் காகிதங்களைக் கொளுத்திச் சன்னல்களின் வழியே கீழே விடுகிறார்கள். எரியும் தாள்கள் இருட்டில் மிதந்து இறங்குகின்றன. அதற்குள் அந்தச் சிறையில் இருந்த எல்லாருக்கும் அவர் தந்தையாகிவிட்டிருந்தார் என்பதை ஒரு வசனமும் இல்லாமல் சொல்லும் காட்சி அது. இந்தப் படத்துக்காகச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் விருதுக்கு அவர் பெயர் முன்மொழியப்பட்டது. விருது 'தி ஃப்யுஜிட்டிவ்' படத்தில் நடித்த டாமி லீ ஜோன்ஸுக்குப் போயிற்று.

ஆஸ்கர் முன்மொழிவுக்குப் பிறகு அமெரிக்கப் படங்கள் அவரைத் தேடி வந்தன. 1995இல் 'தி யூஷுவல் சஸ்பெக்ட்ஸ்' படத்தில் கோபயாஷி என்ற வழக்கறிஞராக, எந்த நாட்டவர் என்று கணிக்க முடியாத உச்சரிப்போடு, குரலை உயர்த்தாமலே மிரட்டினார். 1996இல் பாஸ் லுர்மன் இயக்கிய 'ரோமியோ + ஜூலியட்' படத்தில் முதுகில் சிலுவையைப் பச்சை குத்திக்கொண்ட பாதிரியார் லாரன்ஸாக வந்து, நவீன நகரத்தின் இரைச்சலுக்கு நடுவிலும் ஷேக்ஸ்பியரின் செய்யுளைச் சந்தம் குலையாமல் பேசினார். 1997இல் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க் அவரைத் 'தி லாஸ்ட் வேர்ல்ட்', 'அமிஸ்டட்' என்று அடுத்தடுத்து இரண்டு படங்களில் நடிக்கவைத்து, உலகத்தின் மிகச் சிறந்த நடிகர் என்று புகழ்ந்தார். அந்தப் பாராட்டைப் பற்றிக் கேட்டபோதெல்லாம், "பீட் தன்னை உலகத்தின் மிகச் சிறந்த நடிகன் என்று நினைத்துக்கொண்டிருக்கிறான் என்பதைத்தான் அவர் சொல்லியிருப்பார்" என்ற பொருளில் சிரித்துக்கொண்டே மறுமொழி சொல்வது அவர் வழக்கம். 'தி லாஸ்ட் வேர்ல்ட்' படத்தில் அவர் ஏற்ற வேட்டைக்காரர் ரோலண்ட் டெம்போ, தான் தேடி வந்த மாபெரும் விலங்கை வீழ்த்திய பிறகு, மரணத்தோடு போதுமான காலம் பழகிவிட்டேன் என்று சொல்லி விலகிப் போகிறார். டைனோசர்களைப் பார்க்கப் போன எனக்கு அந்த முகம்தான் மனத்தில் தங்கியது. அவர் யார் என்பதையே அப்போது நான் அறிந்திருக்கவில்லை.

தொலைக்காட்சியில் அவர் செய்தவை தனிக் கட்டுரைக்கு உரியவை. 1994இல் ஒளிபரப்பான 'ஷார்ப்' தொடரின் இரண்டு பாகங்களில் ஒபதாயா ஹேக்ஸ்வில் என்ற படைவீரராக அவர் செய்த வேடம், நான் பார்த்த வில்லன்களிலேயே மிக அருவருப்பானது. தூக்கிலிடப்பட்டும் சாகாமல் தப்பியதால் கழுத்து வெட்டி வெட்டி இழுக்கும் அந்த மனிதர், தொப்பிக்குள் தாயின் படத்தை வைத்துக்கொண்டு, அதனோடு கொஞ்சிக் கொஞ்சிப் பேசுவார். அதே ஆண்டு பிபிசி தயாரித்த 'மார்ட்டின் சசல்விட்' தொடரில் டிக் என்ற மோசடிக்காரராக நடித்து, பிரிட்டனின் பாஃப்டா விருதுக்கு முன்மொழிவு பெற்றார். தந்தை வேடங்களைப் பற்றிப் பேசும்போது 1999இல் வந்த 'லாஸ்ட் ஃபார் வேர்ட்ஸ்' என்ற தொலைக்காட்சிப் படத்தையும் சொல்லியாக வேண்டும். அதில் அவர் மகன். நினைவு கலைந்துகொண்டே போகும் முதிய தாயாக தோரா ஹேர்ட் நடித்தார். அந்த மூதாட்டியே படத்தின் உயிர், விருதும் அவருக்கே. ஒரு காட்சியிலும் அவரிடமிருந்து நம் கவனத்தைப் பிடுங்கிக்கொள்ளாமல், தாய் பேசுவதைக் கேட்டுக் கொண்டிருப்பதையே தன் நடிப்பாக வைத்துக்கொண்டார் போஸ்டில்த்வெய்ட்.

இனி 'பிராஸ்டு ஆஃப்'. மார்க் ஹெர்மன் இயக்கி 1996இல் வெளிவந்த இந்தப் படத்தை நான் ஆண்டுக்கு ஒருமுறையாவது பார்க்கிறேன். இங்கிலாந்தின் யார்க்ஷயர் பகுதியின் நிலக்கரிச் சுரங்க ஊர்களில், தொழிலாளர்கள் தாங்களே சேர்ந்து பித்தளைக் காற்றுக்கருவிகளை வாசிக்கும் குழுக்கள் நூறாண்டுகளுக்கு மேலாக இருந்து வந்தன. 1992 அக்டோபரில் பிரிட்டிஷ் அரசு 31 சுரங்கங்களை மூடப்போவதாக அறிவித்தது. அதே மாதத்தில் கிரைம்தோர்ப் சுரங்கத் தொழிலாளர்களின் குழு லண்டன் ராயல் ஆல்பர்ட் ஹாலில் நடந்த தேசியப் போட்டியில் முதலிடம் பெற்றது. மறு ஆண்டு சுரங்கம் மூடப்பட்டது. படம் அந்த ஊரைக் கிரிம்லி என்று பெயர் மாற்றி எடுத்துக்கொண்டது. படத்தில் ஒலிக்கும் இசை கிரைம்தோர்ப் குழு வாசித்ததே.

குழுவின் இசைநடத்துநர் டேனியாக நடித்த போஸ்டில்த்வெய்ட், முதல் பாதியில் நமக்குச் சற்றே எரிச்சலூட்டுகிற மனிதர். வேலை போகிறது, வீட்டுச் சாமான்களைக் கடன்காரர்கள் தூக்கிப் போகிறார்கள், சொந்த மகனின் குடும்பமே உடைகிறது. அவருக்கோ ஒத்திகையும் போட்டியும் மட்டுமே உலகம். மூச்சையே இசையாக்கும் கருவிகளை வாசிக்கும் குழுவை நடத்துகிறவருடைய மூச்சுப்பையில் வாழ்நாள் முழுக்க இறங்கிய நிலக்கரித் தூசு நிறைந்திருக்கிறது. மயங்கி விழுந்து மருத்துவமனையில் கிடக்கும் அவருக்காக, குழுவினர் சுரங்கத் தொப்பிகளில் விளக்கேற்றிக்கொண்டு இரவில் சன்னலுக்குக் கீழே நின்று 'டேனி பாய்' வாசிக்கிறார்கள். கடனும் அவமானமும் தாளாமல் மகன் உயிரை மாய்த்துக்கொள்ள முயன்று பிழைக்கிறான். அதற்குப் பிறகுதான் தந்தையின் முகம் மாறுகிறது. அந்த மாற்றத்தை அவர் கண்ணீரால் காட்டுவதில்லை. தன் வாழ்நாளின் கணக்கைத் திரும்பப் போட்டுப் பார்த்து, கூட்டல் தப்பாகிவிட்டது என்று கண்டுபிடித்த ஒரு முதியவரின் நிதானத்தோடு காட்டுகிறார்.

இறுதியில் ஆல்பர்ட் ஹாலில் குழு வெற்றி பெறுகிறது. மருத்துவமனையிலிருந்து எழுந்து வந்த டேனி மேடையேறி, கோப்பையை வாங்க மறுத்துவிடுகிறார். இசைதான் முக்கியம் என்று இத்தனை நாள் நினைத்திருந்ததாகவும், மனிதர்களோடு ஒப்பிட்டால் அது ஒன்றுமே இல்லை என்றும் சொல்லி, தம் மக்களின் வேலையையும் ஊரையும் தன்மானத்தையும் அழித்த அரசை நேரடியாகக் குற்றஞ்சாட்டுகிறார். எழுத்தில் படித்தால் மேடைப்பேச்சாகத் தோன்றக்கூடிய வசனம் அது. நோயுற்ற நுரையீரலோடு பேசுகிறவர் என்பதால் அவர் எங்கெங்கே நிறுத்த வேண்டியிருக்கிறதோ அந்த இடைவெளிகள் பேச்சாளரின் நிறுத்தங்களாக இல்லை. அடுத்த சொல் வருமா என்று நாம் காத்திருக்கிறோம். அது வரும்போது மேடைப்பேச்சு என்ற எண்ணமே மறைந்துபோகிறது. அந்தப் பேச்சின் ஒரு துண்டை சம்பவாம்பா என்ற பிரிட்டிஷ் இசைக்குழுவினர் 1997இல் வெளிவந்த தங்கள் 'டப்தம்பிங்' பாடலின் இசைத்தொகுப்பு வடிவத்துக்கு முன்னால் சேர்த்தார்கள். போஸ்டில்த்வெய்ட்டின் பெயரே கேள்விப்படாத எத்தனையோ பேர் உலகெங்கும் அந்தக் குரலைக் கேட்டிருப்பார்கள்.

சுரங்கத் தொழிலாளரின் குரலாக இப்படி நின்றவர், பிற்காலத்தில் நிலக்கரிக்கு எதிராக நின்றார் என்பதை முரண்பாடாகச் சிலர் சொல்வதுண்டு. 2009இல் வெளிவந்த 'தி ஏஜ் ஆஃப் ஸ்டுப்பிட்' என்ற படத்தில், 2055ஆம் ஆண்டில், அழிந்த உலகத்தின் ஆவணங்களைக் காத்துக்கொண்டு தனியாக இருக்கும் முதியவராக அவர் நடித்தார். படத்தின் முதல் திரையிடலில், கென்ட் பகுதியின் கிங்ஸ்நார்த்தில் புதிய நிலக்கரி அனல்மின் நிலையத்துக்கு அனுமதி கொடுத்தால், 2004இல் தனக்கு அளிக்கப்பட்ட ஓபிஇ என்னும் பிரிட்டிஷ் அரச கௌரவப் பட்டத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுவேன் என்று அமைச்சர் எட் மிலிபாண்டிடம் நேரிலேயே சொன்னார். எனக்கு இதில் முரண்பாடு தெரியவில்லை. டேனியின் கோபம் நிலக்கரியின் மீது வைத்த பாசத்தால் வந்தது அன்று. அந்த ஊர் மனிதர்களைச் செலவுக்கணக்காகப் பார்த்தவர்கள்மீது வந்தது. இங்கும் அதே மனிதர்களைப் பற்றிய கவலையே, வரப்போகும் தலைமுறைகளுக்கும் நீண்டது.

நாடகத்தை அவர் எப்போதும் விடவில்லை. நூறு வயதுக் கோமாளி ஒருவன் 1999 டிசம்பர் 31 இரவில் தன் கதையைச் சொல்லும் 'ஸ்கரமூஷ் ஜோன்ஸ்' என்ற தனிநபர் நாடகத்தைத் தூக்கிக்கொண்டு ஊர் ஊராகப் போனார். 2008இல், லிவர்பூல் ஐரோப்பியப் பண்பாட்டுத் தலைநகராக இருந்த ஆண்டில், தான் தொடங்கிய அதே எவ்ரிமேன் அரங்குக்குத் திரும்பி 'கிங் லியர்' நாடகத்தில் லியராக நடித்தார். அப்போது அவருக்கு வயது 62. ரூப்பர்ட் கூல்டின் இயக்கம் விமர்சகர்களிடையே கருத்து வேறுபாடுகளை உண்டாக்கியது. அந்த நாடகத்தை நேரில் காணும் வாய்ப்பு எனக்குக் கிடைக்கவில்லை. பிள்ளைகளின் அன்பை அளந்து பார்க்க நினைத்து எல்லாவற்றையும் இழக்கும் அந்தக் கிழவரை, லிவர்பூல் வீட்டின் கொடுமைக்காரத் தந்தையையும் சிறையின் மென்மையான தந்தையையும் ஒரே உடலில் சுமந்தவர் எப்படிச் செய்திருப்பார் என்று அடிக்கடி நினைத்துப் பார்க்கிறேன்.

2010இல் வெளிவந்த இரண்டு படங்களில் அவர் மீண்டும் தந்தையின் இடத்தில் வந்தார். 'தி டவுன்' படத்தில், பூக்கடையில் உட்கார்ந்து ரோஜாக்களின் முட்களை நறுக்கிக்கொண்டே, நாயகனின் தந்தையையும் தாயையும் தான் எப்படி அழித்தேன் என்பதை அவனிடமே சொல்லும் கும்பல் தலைவர் ஃபெர்கி அவர். தந்தை இருக்க வேண்டிய இடத்தைத் திருடிக்கொண்டவர். அதற்காக பாஃப்டா முன்மொழிவு அறிவிக்கப்பட்டபோது அவர் உயிருடன் இல்லை. கணையப் புற்றுநோயால் 2011 ஜனவரி 2ஆம் நாள் ஷ்ரூஸ்பரியில் காலமானார். வயது 64.

மற்றொன்று, பிறருடைய கனவுக்குள் நுழைகிறவர்களைப் பற்றிய கிறிஸ்டோஃபர் நோலனின் 'இன்செப்ஷன்'. அதில் அவர் மாரிஸ் ஃபிஷர் என்னும் பெருந்தொழிலதிபர். படத்தில் அவருக்குக் கிடைத்தது மரணப் படுக்கை மட்டுமே. மகன் ராபர்ட்டாக சிலியன் மர்ஃபி. தான் தந்தைக்கு ஏமாற்றம் தந்துவிட்டேன் என்ற எண்ணத்திலேயே வளர்ந்த மகன், கனவின் அடியாழத்தில் அந்தப் படுக்கையருகே மண்டியிடுகிறான். தந்தையின் குரல் காற்றாகிவிட்டிருக்கிறது. மகன் குனிந்துதான் கேட்க வேண்டியிருக்கிறது. தன்னைப் போலவே ஆக மகன் முயன்றதுதான் தனக்கு ஏமாற்றம் என்று அவர் இழுத்து இழுத்துச் சொல்லி, பக்கத்தில் இருக்கும் பெட்டகத்தைக் கண்ணால் காட்டுகிறார். அதற்குள் உயிலோடு, மகன் சிறுவனாக இருந்தபோது வைத்திருந்த காகிதக் காற்றாடி ஒன்று இருக்கிறது. அதை எடுத்துக்கொண்டு மகன் திரும்பும்போது, தந்தையின் மூச்சு நின்றுவிட்டிருக்கிறது.